மல்லாங்கிணற்றுக்கு முன்னால் நின்றுபோன வண்டி

என் கணவர் உயிரோடு இருந்தவரை அந்த வண்டியின் பானட்டை நான் திறந்ததே இல்லை. பக்கத்தில் நின்று துணி பிடித்திருக்கிறேன், அவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமை காலையில் காபி குடித்து முடித்ததும் அவர் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு வாசலுக்குப் போவார். நான் ஒரு கைப்பிடி பனியன் வேஸ்ட்டை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போக வேண்டும். சிவகாசியில் எங்களுக்கு ஆப்செட் அச்சகம். பட்டாசு லேபிளும் காலண்டரும் அடிக்கிறோம். மிஷின் துடைக்கிற பனியன் வேஸ்ட் வீட்டிலும் மூட்டையாகக் கிடக்கும்.

எஞ்சினுக்குள்ளிருந்து ஒரு நீளக் கம்பியை உருவுவார். துடைத்துவிட்டு மறுபடி செருகுவார். மறுபடி உருவி வெளிச்சத்துக்கு நேராகப் பிடிப்பார். கம்பி நுனியில் இரண்டு கோடுகள் இருக்கும். எண்ணெய் இரண்டுக்கும் நடுவில் நின்றால் "ம்" என்பார். கீழ்க்கோட்டை நெருங்கியிருந்தால் "அந்தக் கேனை எடு" என்பார். ஏழு பேர் உட்காரும் அந்தப் பெரிய டீசல் வண்டியில் எனக்கு இருந்த பங்கு அந்தத் துணியும் கேனும்தான். நானும் ஓட்டிப் பார்க்கிறேனே என்று ஒருமுறை கேட்டேன். "உனக்கு எதுக்கு? எங்க போகணும்னு சொல்லு, நான் கூட்டிட்டுப் போறேன்" என்றார். நல்ல மனிதர்தான். குடிக்க மாட்டார், கை நீட்ட மாட்டார். ஆனால் வண்டிச் சாவி அவர் சட்டைப்பையை விட்டு வெளியே வந்ததில்லை.

ஒரு மத்தியானம் மிஷின் பக்கத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. அப்போது எங்கள் ஒரே மகள் மதுரையில் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள்.

காரியம் முடிந்த அன்று பந்தலைப் பிரித்துக்கொண்டிருக்கும்போதே கொழுந்தன் என்னிடம் வந்தார். என் கணவரின் தம்பி. வீடு சிவகாசியில்தான், சாத்தூர் பக்கம் அச்சங்குளத்தில் பட்டாசு கம்பெனி வைத்திருக்கிறார்.

"மதினி, வண்டி சும்மா நின்னா பேட்டரி போயிரும். நான் எடுத்துட்டுப் போயி ஓட்டிக்கிட்டு இருக்கேன். உங்களுக்கு எங்கனயாச்சும் போகணும்னா ஒரு போன் போடுங்க."

"இருக்கட்டும் தம்பி. நான் ஓட்டப் பழகிக்கிறேன்" என்றேன்.

அதை யோசித்து வைத்துக்கொண்டு சொல்லவில்லை. வாயில் அப்படி வந்துவிட்டது. அவர் சிரித்தார். கூடத்தில் உட்கார்ந்திருந்த என் மாமியார் சிரிக்கவில்லை. யாரிடமும் இல்லாமல் சுவரைப் பார்த்துச் சொன்னார்.

"அவன் படத்துக்குப் போட்ட மாலை இன்னும் வாடல. இவளுக்கு வண்டி ஓட்டக் கேக்குது."

பழகிக்கொண்டேன். பயிற்சிப் பள்ளியின் சின்ன காரில் கற்றுக்கொண்டு இந்தப் பெரிய வண்டியில் ஏறியபோது மாடியிலிருந்து தெருவைப் பார்க்கிற மாதிரி இருந்தது. முதல் கொஞ்ச நாள் வீட்டிலிருந்து அச்சகம், அச்சகத்திலிருந்து வீடு. பிறகு ஆமத்தூர் வழியாக விருதுநகர். தெருவில் பார்த்தவர்கள் எல்லோரும் ஏதாவது சொன்னார்கள். "தைரியந்தான்" என்றவர்களின் குரலில்கூட ஒரு முள் இருந்தது.

எண்ணெய் பார்ப்பதை யாரும் சொல்லித்தரவில்லை. பார்த்த வேலைதான். சந்தேகத்துக்கு டேஷ்போர்டுக்குள் இருந்த கையேட்டைப் படித்தேன். வண்டி மேடு பள்ளம் இல்லாத இடத்தில் நிற்க வேண்டும். ஓடி வந்த சூட்டோடு பார்க்கக் கூடாது, எஞ்சினை அணைத்துவிட்டு மேலே ஏறிய எண்ணெய் கீழே வடிகிற வரைக்கும் பொறுக்க வேண்டும். ஊற்றும்போது கொஞ்சம் ஊற்றி, காத்திருந்து, கம்பியைப் பார்த்து, பிறகுதான் மேலும் ஊற்ற வேண்டும். மேல்கோட்டைத் தாண்டினாலும் கெடுதல். அவர் இவ்வளவு பொறுமையாகச் செய்ததில்லை, கேனை அப்படியே கவிழ்ப்பார். நான் கையேட்டில் சொன்னபடி செய்தேன். அந்த வீட்டில் நான் செய்கிற எல்லா வேலைக்கும் மாமியாரிடம் ஓர் அபிப்பிராயம் இருந்தது. இந்த ஒன்றைப் பற்றி மட்டும் அவருக்கு ஒன்றும் தெரியாது. அதற்காகவே ஞாயிற்றுக்கிழமைகள் எனக்குப் பிடித்திருந்தன.

முதல் முறை ஆயில் வாங்கப் போன கடையில் நடந்ததையும் சொல்ல வேண்டும். கடைக்காரர் என்னைப் பார்த்துவிட்டு எனக்குப் பின்னால் யாராவது வருகிறார்களா என்று எட்டிப் பார்த்தார்.

"வீட்ல சார் வரலீங்களா?"

"வர மாட்டாரு."

"டிரைவர் இருந்தா அனுப்பி விடுங்கம்மா. என்ன ஆயிலுன்னு அவருகிட்ட கேட்டுக்கிடுறேன்."

எந்த ஆயில், எத்தனை லிட்டர் கேன் என்று சொன்னேன். அவர் அதை எடுத்து வைத்துவிட்டு, "மாத்தி ஊத்திட்டு வந்து எங்களச் சொல்லக் கூடாது" என்றார். அவரோடு சண்டை போடவில்லை. அப்போதெல்லாம் ஒரு நாளைக்கு அப்படி ஒருவராவது கிடைப்பார், எல்லோரிடமும் சண்டை போட்டால் அச்சகத்தை யார் பார்ப்பது?

மகள் படிப்பு முடிந்ததும் கொழுந்தன்தான் மாப்பிள்ளை கொண்டுவந்தார். காரியாபட்டியில் மொத்த வியாபாரக் குடும்பம். மாப்பிள்ளையின் அப்பா அவருக்குத் தொழில் வழியில் பழக்கம். பையன் நல்ல பையன், மகளுக்கும் பிடித்திருந்தது. ஆகவே அந்த வருடம் பட்டாசு சீசன் தொடங்கியபோது கொழுந்தன் வந்து சாவி கேட்டதும் என்னால் மறுக்க முடியவில்லை. வடக்கேயிருந்து ஆர்டர் கொடுக்க வருகிறவர்களை மதுரை விமான நிலையத்திலிருந்து கூட்டி வர வேண்டுமாம், அவர் கார் சிறியதாம். என் மகளின் கல்யாணம் அவர் வாய்ச்சொல்லில் இருந்தது. அதை அவரும் அறிவார், நானும் அறிவேன்.

வாரத்தில் பாதி நாள் வண்டி அவரிடம் இருந்தது. திரும்பி வரும்போது டயரில் கரிசல் மண் அப்பியிருக்கும், இருக்கையில் வெடிமருந்து வாசம் அடிக்கும். டீசல் முள் அடியில் கிடக்கும். அதையெல்லாம் பொறுத்துக்கொண்டேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை கம்பியை உருவினால் எண்ணெய் கீழ்க்கோட்டுக்கும் கீழே இருந்தது. போன வாரம்தான் மேல்கோடு வரைக்கும் ஊற்றியிருந்தேன். குனிந்து பார்த்தேன். வண்டி நின்ற சிமெண்ட் தரையில் அச்சு மை சிந்திய மாதிரி கறுப்பாக ஒரு வட்டம்.

விருதுநகர் சாலையில் இருக்கும் மெக்கானிக்கிடம் கொண்டுபோனேன். அவர் வண்டிக்கு அடியில் படுத்துப் பார்த்துவிட்டு எழுந்தார்.

"ஆயில் சம்ப்பு அடி வாங்கியிருக்கும்மா. கல்லுல ஏத்துனீங்களா?"

நான் தார்ச்சாலையை விட்டு இறங்கியதே இல்லை. அச்சங்குளம் கம்பெனிக்குப் போகிற மண்பாதை ஞாபகத்துக்கு வந்தது. எஞ்சினுக்கு அடியில் எண்ணெய் தேங்கி நிற்கும் தட்டுதான் அந்த சம்ப்பு. அதில் நசுங்கல் விழுந்து, மயிரிழைபோல ஒரு விரிசல் இருந்தது. புதியது மதுரையிலிருந்து வர வேண்டும் என்றார். அதுவரைக்கும் தினமும் பார்த்து ஊற்றிக்கொண்டு பக்கத்து இடங்களுக்கு மட்டும் ஓட்டலாம் என்றார்.

கொழுந்தனிடம் போனில் சொன்னேன்.

"தம்பி, வண்டிக்கு அடியில விரிசல் விட்டுருக்கு. ஆயில் ஒழுகுது. சம்ப்பு வந்ததும் ஒரு ரெண்டு நாள் ஷெட்ல விடணும்."

"சீசன் முடியட்டும் மதினி. இப்ப போயி ஷெட்ல விட்டா என் கதி என்னாகும்? நீங்க ஏன் இம்புட்டுப் பயப்படுறீக? வண்டின்னா கொஞ்சம் ஒழுகத்தான் செய்யும்."

"அப்ப நீங்க எடுத்துட்டுப் போற நாள்லயாச்சும் கம்பியப் பாருங்க. கேனைப் பின்னாடி வச்சிருக்கேன்."

"சரி மதினி, சரி" என்றார், சின்னப் பிள்ளைக்குச் சொல்வதுபோல.

அவர் ஒரு நாளும் பார்க்கவில்லை. வண்டி என்னிடம் வந்ததும் நான் பார்ப்பேன், ஊற்றுவேன், துடைப்பேன். மறுபடி சாவி கேட்டு ஆள் வரும்.

மாப்பிள்ளை வீடு பார்க்கப் போவதற்கு நாள் குறித்தார்கள். பெண் வீட்டார் போய் வீட்டைப் பார்த்து, பூ பழம் கொடுத்துப் பேசி முடிக்கிற நாள். அதற்கு நான் வர வேண்டுமா என்பதே ஒரு பேச்சாக ஓடியது. தாலி அறுத்தவள் முன்னால் வந்து நிற்கக் கூடாதாம். கடைசியில், பெண்ணைப் பெற்றவள் வராவிட்டால் அவர்கள் தப்பாக நினைப்பார்கள் என்று கொழுந்தன்தான் சொன்னார். நான் பின்னால் வரலாம், தட்டைத் தொடக் கூடாது என்று மாமியார் முடிவு செய்தார். வண்டியை யார் ஓட்டுவது என்பதில் பேச்சே எழவில்லை.

"பொம்பளை ஓட்டிட்டு வந்து எறங்குனா மாப்பிள்ளை வீட்ல என்ன நினைப்பாக மதினி? நான் ஓட்டுறேன்."

அதற்கு முந்தின நாள் சாயங்காலம் ஏதோ அவசரம் என்று வண்டியைக் கம்பெனிக்கு எடுத்துப் போனவர், மறுநாள் காலையில் கிளம்ப வேண்டிய நேரத்துக்குத்தான் கொண்டுவந்தார். நான் பட்டுப் புடவையோடு பனியன் வேஸ்ட்டை எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தேன்.

"தம்பி, ஒரு நிமிஷம். ஆயில் பார்த்துட்டுப் போயிரலாம்."

"ஓடி வந்த சூட்டுல பார்க்கக் கூடாதுன்னு நீங்கதான சொல்லுவீக?"

"கொஞ்சம் பொறுத்துப் பார்ப்போம். காரியாபட்டி வரைக்கும் போகணும்ல."

வாசற்படியில் நின்ற மாமியார் என் கையிலிருந்த துணியைப் பார்த்தார். "நல்ல காரியத்துக்குப் பொறப்படும்போது வண்டி வாயைப் பொளந்து வச்சுக்கிட்டு, கரித்துணியும் கையுமா நிக்கணுமாத்தா? ராகு காலம் பொறக்கறதுக்குள்ள அங்கன போய்ச் சேரணும். ஏறு" என்றார்.

துணியை வாசலிலேயே போட்டேன். மாமியார் முன்னால் உட்கார்ந்தார். நடு இருக்கையில் கொழுந்தன் மனைவி, மடியில் தட்டுகளோடு. பின்னால், மடக்கு இருக்கையில் நான். என் காலடியில் பழக்கூடைகள் இருந்தன. எப்போதும் அங்கே இருக்கிற ஆயில் கேனைக் காணவில்லை.

"கேன் எங்க தம்பி?"

"அத எறக்கி வச்சுட்டேன் மதினி. பட்டுல கறை பட்டா என்ன செய்ய?"

ஆமத்தூர் வளைவில் திரும்பும்போது அந்த விளக்கைப் பார்த்தேன். ஸ்டியரிங்குக்குப் பின்னால், எண்ணெய்க் குப்பி மாதிரிப் படம் போட்ட சிவப்பு விளக்கு. ஒரு கணம் எரிந்து அணைந்தது. பின்னால் உட்கார்ந்திருந்தாலும் நான் அதைத்தான் பார்த்துக்கொண்டு வந்தேன்.

"தம்பி, ஆயில் லைட்டு எரிஞ்சுச்சு. நிறுத்துங்க."

"சென்சாரு மதினி. பள்ளத்துல விழுந்தா அப்படித்தான் எரியும்."

"அது எரிஞ்சா ஒடனே அணைக்கணும்னு புத்தகத்துல போட்டுருக்கு. விருதுநகர்ல நிறுத்தி ஒரு லிட்டர் வாங்கி ஊத்திருவோம்."

"அக்கா, நீங்க கொஞ்சம் சும்மா வாங்க. அவுகளுக்குத் தெரியாததா?" என்றாள் கொழுந்தன் மனைவி.

விருதுநகரில் கடைகள் இருந்தன, பங்க்குகள் இருந்தன. ஒவ்வொன்றாக ஜன்னலில் வந்து போயின. அவர் எதிலும் நிறுத்தவில்லை. ஊரைத் தாண்டிக் காரியாபட்டிச் சாலையில் ஏறியதும் விளக்கு எரிய ஆரம்பித்தது, பிறகு அணையவே இல்லை. எஞ்சினிலிருந்து தகர டப்பாவில் கூழாங்கல்லைப் போட்டுக் குலுக்குகிற சத்தம் வந்தது. அவர் ஏ.சி. சத்தத்தைக் கூட்டினார். நான் முன்னால் குனிந்து நடு இருக்கையின் முதுகைப் பிடித்துக்கொண்டேன்.

"தம்பி, கும்பிட்டுக் கேக்குறேன், நிறுத்துங்க. எஞ்சின் போயிரும்."

"இந்தா வந்துருச்சு மதினி. மல்லாங்கிணறு தாண்டுனா காரியாபட்டி."

மல்லாங்கிணற்றுக்குக் கொஞ்சம் முன்னால் அடியில் சம்மட்டியால் அடித்தாற்போல ஒரு சத்தம். வண்டி உதறி, உந்திக்கொண்டு போய்ச் சாலையோரத்தில் நின்றது. ஏ.சி. நின்றுவிட்டது.

நான் இறங்கி பானட்டைத் திறந்தேன். புடவைத் தலைப்பால் பிடித்து அந்தக் கம்பியை உருவினேன். ஒரு சொட்டு இல்லை. காய்ந்த இரும்பு. சூடு மட்டும் தலைப்பைத் தாண்டி விரலில் ஏறியது. இரண்டு பக்கமும் விதைக்காத கரிசல், வெடிப்பு விட்டுக் கிடந்தது. கொழுந்தன் எனக்குப் பின்னால் வந்து நின்றார்.

"தினமும் நீங்க இதக் கொடஞ்சு கொடஞ்சு பார்த்துத்தான் மதினி இப்படி ஆயிருச்சு. அம்புட்டு ஆயிலையா ஊத்துவாக? வண்டியும் மனுசன் மாதிரிதான், சும்மா விட்டாலே நல்லாருக்கும்."

மாமியார் வண்டிக்குள்ளிருந்தே சொன்னார், "ஆம்பளை கையில இருந்த வரைக்கும் இந்த வண்டி ஒரு நாள் நின்னதில்ல."

மாப்பிள்ளை வீட்டிலிருந்து கார் அனுப்பிக் கூட்டிப்போனார்கள். ராகு காலம் வந்துவிட்டதால் அது முடியும்வரை அவர்கள் வீட்டு வரவேற்பறையில் உட்கார்ந்திருந்தோம். என் புடவைத் தலைப்பில் கரி. அதை மடித்து உள்ளே செருகிக்கொண்டேன். தாமதத்துக்குக் காரணம் சொல்ல வேண்டுமே, கொழுந்தன் சொன்னார். கதையாகவே சொன்னார். எங்கள் மதினி ஞாயிற்றுக்கிழமை ஆனால் பானட்டைத் திறந்து எஞ்சினுக்கு எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டுவார், அதில் ஜலதோஷம் பிடித்துப் படுத்துவிட்டது என்றார். எல்லோரும் சிரித்தார்கள். மாப்பிள்ளைகூட சிரித்தார். சம்பந்தி மட்டும் என்னைப் பார்த்து, "தனியா இருக்கீக, இம்புட்டுப் பெரிய வண்டி எதுக்குங்க? குடுத்துருங்க" என்றார். அக்கறையாகத்தான் சொன்னார். நான் காபி டம்ளரைப் பார்த்துக்கொண்டு "ம்" என்றேன். என் மகள் இந்த வீட்டில் வாழ வேண்டும். அதைத் தவிர வேறு எதையும் அப்போது நினைக்க நான் என்னை விடவில்லை.

வண்டியைக் கட்டி இழுத்துக்கொண்டு போய் மெக்கானிக்கிடம் விட்டார்கள். அவர் எஞ்சினைப் பிரித்துப் போட்டுவிட்டு என்னை வரச் சொன்னார். உள்ளே பேரிங்குகள் உருகி ஒட்டியிருந்தன. பிறகு அவர் அந்த சம்ப்பைத் திருப்பிக் காட்டினார். பழைய நசுங்கலுக்கு மேலேயே புதிதாக ஓர் அடி. மயிரிழையாக இருந்த விரிசல் விரல் நீளத்துக்குத் திறந்திருந்தது. அதற்குள் நீல நிறத்தில் ஏதோ அப்பியிருந்தது.

"என்னது இது?"

"சோப்பும்மா. துணி தொவைக்கிற பார் சோப்பு. ஒழுகுனா வழியில தேச்சு அடைச்சுக்கிட்டு வீடு வந்து சேருவாக. ரொம்ப தூரம் தாங்காது. சூடு ஏறுனா வழிஞ்சுரும்." அவர் கொஞ்சம் தயங்கினார். "யாரு அடைச்சான்னு தெரியலயேம்மா. இதப் போட்டவுகளுக்கு ஆயில் போயிருச்சுன்னு தெரிஞ்சுருக்கணும்."

அங்கிருந்த ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டேன். அன்றைய காலையை மறுபடி யோசித்தேன். கம்பெனிப் பாதையில் முந்தின சாயங்காலம் அடிபட்டிருக்கிறது. சோப்பை வைத்து அடைத்திருக்கிறார். கேனைப் பின்னாலிருந்து எடுத்திருக்கிறார். பட்டில் கறை படும் என்பதற்காக இல்லை, கேனில் இருந்ததை வழியிலேயே ஊற்றித் தீர்த்திருக்க வேண்டும். எல்லாம் தெரிந்துதான் என் முன்னால் நின்று, சூட்டில் பார்க்கக் கூடாதே என்று எனக்கே சொல்லித்தந்திருக்கிறார்.

நேராக அச்சங்குளத்துக்குப் பஸ் ஏறினேன். கம்பெனி வாசல் அலுவலக அறையில் இருந்தார்.

"தெரிஞ்சுதான் ஓட்டுனீகளா தம்பி?"

எதை என்று அவர் கேட்கவில்லை. பேனாவை மூடி வைத்தார்.

"போயிட்டு வந்துரலாம்னு நினைச்சேன் மதினி. நல்ல நேரம் போயிரும்னு அம்மா ஒரே புடியா நின்னாக. நானா வேணும்னு செஞ்சேன்?"

"அப்ப நான் கெடுத்தேன்னு ஏன் சொன்னீக? அவுக வீட்ல உக்காந்து சிரிச்சீகளே?"

"ஏதாச்சும் சொல்லணும்ல. சம்பந்தம் பேசப் போன எடத்துல நான் ஓட்டைய அடைச்சு ஓட்டுனேன்னு சொன்னா எனக்கு என்ன மரியாதை? உங்களுக்கு அதுல என்ன நட்டம்? பொம்பளைக்கு வண்டி தெரியலன்னா யாரும் கொறையா நினைக்கப் போறதில்ல." எழுந்து கதவுவரை வந்தார். "இத வெளிய பேசிக்கிட்டு இருக்காதீக மதினி. கல்யாணம் நல்லபடியா நடக்கணும்ல."

மெதுவாகத்தான் சொன்னார். நான் புரிந்துகொள்ள வேண்டியதைப் புரிந்துகொண்டேன்.

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. மேடையில் தகப்பன் இடத்தில் உட்கார்ந்து தாரை வார்த்துக் கொடுத்தது கொழுந்தனும் அவர் மனைவியும். என் மகளின் கையை எடுத்து மாப்பிள்ளையின் கையில் வைத்தது சோப்பை அடைத்த அந்தக் கை. நான் மேடைக்குக் கீழே, போட்டோக்காரர்களுக்குப் பின்னால் ஒரு நாற்காலியில் இருந்தேன். மகள் ஒருமுறை என்னைத் தேடினாள். போட்டோக்காரரின் தோள் மறைத்தது. தாலி ஏறியபோது அட்சதை போட்டேன், மேடை வரைக்கும் போய்ச் சேரவில்லை.

எஞ்சினைப் புதிதாகக் கட்டி வண்டியை மீட்டேன். விற்றுவிடு என்று சொல்லாதவர்கள் இல்லை. விற்கக் கூடாது என்பதற்கு எனக்குப் பெரிய காரணம் எதுவும் கிடையாது. அவர்கள் எல்லோரும் சொன்னார்கள், அதனால் விற்கவில்லை.

அடுத்த சீசன் வந்தது. இந்தத் தடவை ஆள் அனுப்பாமல் கொழுந்தனே வந்தார். கூடத்தில் மாமியார் பக்கத்தில் உட்கார்ந்து மோர் குடித்தார்.

"நாளைக்கு மதுரையில பார்ட்டி வருது மதினி. சாவியக் குடுத்தீகன்னா..."

"தர மாட்டேன் தம்பி."

அவர் டம்ளரைக் கீழே வைத்தார். மாமியார்தான் பேசினார்.

"குடும்பத்து வண்டி. கேட்டா இல்லங்கிறதா? உன் பிள்ளைக்குத் தகப்பனா நின்னு தாரை வார்த்தவன்."

அதுவரைக்கும் யாரிடமும் சொல்லாததை அப்போது மாமியாரிடம் சொன்னேன். சோப்பு, விரிசல், கேன் எல்லாவற்றையும். சத்தம் போடவில்லை. சொன்னால் அவர் முகம் மாறும், மகனைப் பார்த்து ஒரு வார்த்தையாவது கேட்பார் என்று எனக்கு ஒரு நம்பிக்கை இருந்திருக்கிறது. எவ்வளவு மடத்தனம் அது என்று அடுத்த நிமிடமே தெரிந்தது.

"எனக்கு அன்னைக்கே தெரியும்த்தா" என்றார். "காலையில வண்டியக் கொண்டாந்து எறங்குனதும் என்கிட்டதான் சொன்னான். நீ தொறந்து பார்த்தா போக வேணாம்னு உக்காந்துக்கிடுவ. அதான் ஏறுன்னேன். இப்ப என்ன, கல்யாணம் நின்னா போச்சு?"

அவர் வாசற்படியில் நின்று என் கையிலிருந்த துணியைப் பார்த்த பார்வை ஞாபகம் வந்தது. அது அருவருப்பு என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன். இத்தனை வருடம் அந்த அம்மாவுக்கு வெந்நீர் வைத்துக் கொடுத்திருக்கிறேன், கால் பிடித்துவிட்டிருக்கிறேன். எனக்கு அழுகை வரவில்லை.

"சாவி கிடையாது" என்றேன் மறுபடியும்.

அன்றைக்கே மாமியார் துணிமணிகளை எடுத்துக்கொண்டு சின்ன மகன் வீட்டுக்குப் போய்விட்டார். தெருவில் கேட்டவர்களிடம் நான் துரத்திவிட்டேன் என்று சொன்னதாகக் கேள்விப்பட்டேன். அந்த வாரமே மகள் போனில் கூப்பிட்டாள்.

"ஏம்மா இப்படிப் பண்ற? ஒரு வண்டிக்காகச் சித்தப்பாவோட சண்டை போடுவாகளா? இங்க மாமா கேக்குறாக, என்ன உங்க வீட்ல சத்தம்னு. எனக்கு அசிங்கமா இருக்கு."

அவளிடம் சோப்புக் கதையைச் சொன்னேன். கேட்டுக்கொண்டுதான் இருந்தாள்.

"சரிம்மா, அவுக பண்ணுனது தப்புதான். இருக்கட்டும். அது முடிஞ்சு எம்புட்டு நாளாச்சு?"

"உன் கல்யாணத்துக்காகத்தான் வாயை மூடிக்கிட்டு இருந்தேன்."

"அதான் கல்யாணம் ஆயிருச்சுல்ல. இப்பவும் மூடிக்கிட்டு இருந்தா என்னவாம்?"

மாப்பிள்ளை வாங்கியிருக்கிற புதுக் காரைப் பற்றிக் கேட்டேன், பேச்சை மாற்ற. ஆயில் எல்லாம் பார்க்கிறீர்களா என்றேன். "அதெல்லாம் அவுக பார்த்துக்கிடுவாகம்மா" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

தலைத் தீபாவளிக்கு மகளும் மாப்பிள்ளையும் சிவகாசிக்கு வந்தார்கள். பெண் பிறந்த வீட்டுக்குத்தான் வர வேண்டும். ஆனால் தாரை வார்த்துக் கொடுத்தவர் வீட்டில்தான் விருந்து வைக்க வேண்டும், பாட்டியும் அங்கேதான் இருக்கிறார் என்று சம்பந்தி வீட்டில் சொல்லிவிட்டார்களாம். மகள் எனக்குப் போன் செய்து, "நீயும் வந்துரும்மா" என்றாள். என் மகளின் தலைத் தீபாவளிக்கு எனக்கு அழைப்பு.

புதுத்துணியும் பலகாரமும் எடுத்துக்கொண்டு நானே ஓட்டிக்கொண்டு போனேன். கொழுந்தன் வீட்டு கேட் திறந்திருந்தது. மாப்பிள்ளையின் கார் உள்ளே நின்றது, பக்கத்தில் இன்னும் இரண்டு கார் நிற்க இடம் கிடந்தது. நான் வண்டியைத் திருப்பியதும் கொழுந்தன் மனைவி படியிறங்கி ஓடிவந்து கையைக் காட்டினாள்.

"அக்கா, வாங்க வாங்க. வண்டிய மட்டும் ரோட்டுலயே நிறுத்திருங்க. புதுசா டைல்ஸ் போட்டுருக்கோம், ஆயில் கறை பட்டா போகாது."

"இப்ப ஒழுகலம்மா. புது சம்ப்பு" என்றேன்.

"எதுக்கும் ரோட்டுலயே நிக்கட்டும்க்கா."

அவளுக்குப் பின்னால் என் மகள் புதுப் பட்டில் நின்றுகொண்டிருந்தாள். அவள் காதில் விழுந்திருக்கும். அவள் குனிந்து கொசுவத்தைச் சரிசெய்துகொண்டாள். மாப்பிள்ளை சரவெடியைப் பிரித்துக்கொண்டிருந்தார். நான் வண்டியைப் பின்னால் எடுத்துத் தெருவோரத்தில் நிறுத்தினேன். பையை மகளின் கையில் கொடுத்தேன். உள்ளே போய் எல்லோரோடும் உட்கார்ந்து ஒரு இட்லி சாப்பிட்டேன். மாமியார் என்னிடம் பேசவில்லை, நானும் பேசவில்லை. அச்சகத்தில் வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன். தீபாவளியன்று எந்த அச்சகத்திலும் வேலை இருக்காது என்பது அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும். யாரும் இருக்கச் சொல்லவில்லை.